காக்காக்கடி

வேண்டாந்தாயி, நீ தின்னு. ரயில்ல வித்தவன் உப்பும் மிளகாய்ப்பொடியும் தூக்கலாப் போட்டுட்டான்னு சொல்லலை. சர்க்கரை வியாதிக்குப் பயந்தும் இல்ல. கொய்யா சர்க்கரைக்கு நல்லதுன்னு டாக்டரே சொல்லியிருக்காரு. நான் கொய்யாவை விட்டுட்டேன். கயாவுல விட்டுட்டு வந்துட்டேன்.

சிரிக்காத. உங்க வீட்டுல யாரும் காசிக்குப் போனதே இல்லையா? காசிக்குப் போனா அப்பிடியே கயாவுக்கும் போகணும். அங்க ஒரு ஆலமரம் இருக்கு. அதுக்கடியில உக்கார வச்சு ஐயரு கேப்பாரு, என்னத்த விடப்போறேன்னு. ஒரு காயி, ஒரு பழம். மனசுக்குப் பிடிச்சதா விடணும். விட்டா ஆயுசுக்கும் தொடக்கூடாது. ஆனா நம்ம ஆளுகளைக் கேக்கணுமா? பஸ்ஸுலயே பேசி முடிவு பண்ணிட்டாக. எங்க யாத்திரைக் குழுவுல பாதிப்பேரு பாகற்காயை விட்டாக. மீதிப்பேரு சுரைக்காய். அந்தா மேல பெர்த்துல குறட்டை விடுதாகளே, லோகா டீச்சர், ரிட்டையர்டு இங்கிலீஷ் டீச்சர், அவுக விட்டது கிவிப்பழம். எங்க ஊருல கிவிப்பழத்தை எவன் கண்டான்? கடவுளையே ஏமாத்துற படிப்பு.

நான் ஒருத்திதான் கூறுகெட்டவ. நெஜமாவே பிடிச்சதை விட்டேன். அதுதான் வினையாப் போச்சு.

நீ எந்த ஊரு தாயி? ராஜபாளையமா! அட, பக்கம்தான். நமக்கு சங்கரன்கோவில். ராஜபாளையத்துல எந்தப் பக்கம்? எந்தத் தெரு? சரி, சொல்ல வேண்டாம். சும்மா தெரிஞ்சுக்கிடலாம்னு கேட்டேன். இப்பிடிக் கேட்டா என் மகளுக்கும் பிடிக்காது. இப்ப உன் மூஞ்சி ஒரு மாதிரி போச்சு பாரு, அதே மாதிரிதான் போகும் அவளுக்கும்.

மக ஒருத்திதான். மதிவதனி. நான் வதனின்னு கூப்பிடுவேன். டெல்லியிலதான் இருக்கா. அவளைப் பாத்துட்டுத்தான் வர்றேன். பாத்தேன். அவ்வளவுதான்.

அவ பாக்குற வேலையைச் சொன்னா நீ நம்ப மாட்ட. திங்க வைக்கிற வேலை. பழைய டெல்லியில சந்து சந்தாக் கூட்டிட்டுப் போயி, இந்தக் கடையில இதைத் தின்னுங்க, அந்தக் கடையில அதைத் தின்னுங்கன்னு சொல்லிக்குடுக்கணும். அதுக்கு ஃபுட் வாக்குன்னு பேரு. வெள்ளைக்காரங்க, பெங்களூருப் பிள்ளைகள் எல்லாம் போனுல பேரு குடுத்துட்டு வர்றாக. நாலு தெரு நடந்து திங்கிறதுக்கு ஒரு வழிகாட்டி! நம்ம ஊருல எந்தக் கடையில முட்டைக்கோசு போடாம வடை சுடுறான்னு காட்ட நான் யாருகிட்டயாவது காசு கேட்டிருக்கேனா? ஆனா கெட்டும் பட்டணம் சேருன்னு சொல்லுவாக. சேந்துட்டா. நல்லாத்தான் இருக்கா.

அவ அஞ்சு வயசா இருக்கப்ப அவுக போயிட்டாக, அவ அப்பா. நான் தையல் மிஷினை வச்சுத்தான் வளத்தேன். ஒரு மனுஷர் தயவு இல்ல. பின்னாடி ஒரு கொய்யாமரம். உள்ள செவப்பா இருக்கும், அப்பிடி ஒரு ருசி. காலையில ஜாக்கெட்டு தைக்க உக்காந்தா சாயந்தரம் வரைக்கும் எந்திரிக்க மாட்டேன். அவ பள்ளிக்கூடத்துல இருந்து வந்து மரத்துல ஏறி ஒரே ஒரு பழம் பறிச்சுட்டு வருவா. ஒன்னுதான். ரெண்டு பேருக்கும் ஒன்னு. எனக்கு எச்சில்னா ஆகாது கேட்டியா. என் தம்ளர்ல என் வாய் பட்டாலே நான் கழுவித்தான் வைப்பேன். எங்க வீட்டுப் பழக்கம் அப்பிடி. அதனால காக்காக்கடி. பழத்தை முந்தானையில சுத்தி, துணிக்கு மேல கடிக்கணும். பல்லு பழத்துல படாது. துணிதான் நனையும். கடிச்சு ரெண்டாப் பிட்டு, பாதி எனக்கு, பாதி அவளுக்கு. நீயும் பண்ணியிருக்கியா? பண்ணாத பிள்ளைக உண்டா? காக்காக்கடிக்கு எச்சில் இல்லேன்னு சொல்லிச் சொல்லித்தான தின்னோம். என் சேலை எல்லாம் முந்தானையில செவப்புக் கறை. அதைப் போக்க நான் எத்தனை எலுமிச்சம்பழம் தேய்ச்சிருப்பேன்.

காலேஜுக்கு மதுரை போனா. அங்கயிருந்து டெல்லிக்கு மேல்படிப்பு. அங்க ஒரு பையன். அங்கன்னா, டெல்லிக்காரன் இல்ல. டெல்லிக்காரனா இருந்தாக்கூடத் தேவலை, ஊரு உலகத்துக்கு என்னன்னு தெரியாது. எங்க ஊருப் பையன். மேற்கால இருக்கிற காலனி. இம்புட்டுப் பெரிய டெல்லியில போயி, எங்க ஊரு காலனிப் பையனைத் தேடிப் பிடிச்சிருக்கா பாரு.

நான் ஒன்னும் சொல்லலை. சத்தியமா ஒன்னும் சொல்லலை தாயி. மத்தவளா இருந்தா மண்ணெண்ணெய் கேனைத் தூக்கியிருப்பா. நான், சரி கூட்டிட்டு வா பாப்போம்னேன். ஒரு ஞாயித்துக்கிழமை வந்தாக, அந்தப் பையனுக்கு லீவுன்னு. வாங்கன்னு சொன்னேன். நாற்காலி போட்டேன். வாசப்பக்கம்தான் போட்டேன், உள்ள ஒரே புழுக்கம். காப்பி குடுத்தேன். அவளுக்கு எப்பவும் குடிக்கிற எவர்சில்வர் தம்ளர்ல. அந்தப் பையனுக்குப் பேப்பர் கப்புல. அதுக்குன்னே கடையில போயி வாங்கி வச்சிருந்தேன், புதுசு, ஒருத்தர் வாய் படாதது. விருந்தாளிக்குப் புதுசுலதான குடுப்பாக? மரியாதைக்குத்தான் குடுத்தேன்.

அந்தப் பையன் வாங்கிக்கிட்டான். நல்ல பையன்தான், வளப்பு நல்ல வளப்பு, அதை யாரு இல்லேன்னா? இவதான். தன் தம்ளரை அப்பிடியே முற்றத்துல கவுத்தா. அவன் கையில இருந்த பேப்பர் கப்பை வாங்கிப் பாதி குடிச்சா. மீதியை அவன்கிட்ட குடுத்தா, அவன் குடிச்சான். எச்சில்! என் கண்ணு முன்னாடி. குடிச்சுட்டு அவன் அந்தக் கப்பை மடிச்சுச் சட்டைப் பையில வச்சுக்கிட்டான். குப்பையாக்கக் கூடாதுன்னு நினைச்சிருப்பான் போல. கெளம்பிட்டாக. நான் வாசல் வரைக்கும் போயி வழியனுப்பிட்டுத்தான் வந்தேன், கேட்டியா.

அப்புறம் பாரு கெரகத்தை. அவ போன் சார்ஜரை மறந்துட்டேன்னு தெரு முக்குல இருந்து திரும்பி வந்தா. நான் அப்ப அந்த நாற்காலியைக் கழுவிட்டு இருந்தேன். தண்ணியும் விளக்குமாறுமா. வெள்ளிக்கிழமைன்னா வீடு வாசல் கழுவுறது வழக்கம்தான? அவ நின்னு பாத்தா. சார்ஜரை எடுக்கலை. போயிட்டா. அந்தச் சார்ஜர் இன்னும் ஆணியிலதான் தொங்குது.

என்ன, ஞாயித்துக்கிழமைன்னா சொன்னேன்? வெள்ளியோ ஞாயிறோ, இப்ப யாரு கண்டா. நாலு வருஷம் ஆச்சு.

நாலு வருஷமும் ஒரு போன் கிடையாது. நானும் பண்ணலை. பெத்தவ நான் ஏன் பண்ணணும்? ராத்திரி வாசக்கதவு சத்தம் கேட்டா மட்டும் எந்திரிச்சு உக்காந்துக்கிடுவேன். நாய் உரசியிருக்கும். பெத்த மனம் பித்துன்னு சும்மாவா சொன்னாக.

போன ஐப்பசியில லோகா டீச்சர் வீட்டுல ஒரு வீடியோ காட்டுனாக. இது உங்க வதனிதானன்னு. டெல்லியில நடுத்தெருவுல நின்னு இங்கிலீஷ்ல என்னமோ பேசுதா. கையில ஒரு பூரி. முடியைக் குட்டையா வெட்டிட்டா. அதை நான் எத்தனை தடவை போடச் சொல்லிப் பாத்தேன்னு டீச்சரைக் கேளு. டீச்சர்தான் ரோசனை சொன்னாக. காசிக்குப் போற குழு திரும்பி வரும்போது டெல்லியில ஒரு நாள் நிக்குது. எல்லாரும் கோட்டையும் கோவிலும் பாக்கப் போவாக. நாம ரெண்டு பேரும் வதனியோட ஃபுட் வாக்குல சேந்துக்கிடுவோம், என் பேருல போட்டுடுறேன், உன் பேரு தெரிய வேண்டாம்னாக. சரின்னேன். தூரத்துல இருந்து பாத்துட்டு வந்துடுவோம்னுதான் சரின்னேன்.

அதான் கயாவுல, ஐயரு கேட்டப்ப, என் வாயில கொய்யான்னு வந்துச்சு. டீச்சர் இடிச்சாக, பேரிக்காய்னு சொல்லு பேரிக்காய்னு சொல்லுன்னு. நான் கேக்கலை. சாமி, எனக்கு உலகத்துலயே பிடிச்ச பழத்தை விடுதேன், என் பிள்ளையை எங்கிட்ட சேத்துடுன்னு கும்பிட்டு விட்டேன். அவளுக்காகத்தான் விட்டேன் தாயி. இதை மட்டும் நல்லா மனசுல வச்சுக்கோ. மேல கேளு.

எங்க குழுவுல சமையக்காரரு கூடவே வருவாரு. அரிசி, பருப்பு, அப்பளம், ஊறுகா எல்லாம் ஊருல இருந்தே மூட்டை கட்டி வந்துடும். காசியிலயும் சாம்பார்சாதம்தான், அலகாபாத்துலயும் சாம்பார்சாதம்தான். இத்தனை ஊரு சுத்தியும் அந்த ஊருத் தண்ணியைத் தவிர நான் எதையும் வாயில வைக்கலை. அப்பிடிப்பட்டவ அன்னைக்குக் காலையில தெருக்கடையில திங்கப் போறேன். டெல்லிக் குளிரு தெரியும்ல? வாயைத் தொறந்தா பொகை வருது. டீச்சரோட குரங்குக் குல்லாவைப் போட்டு, சால்வையால மூக்கு வரைக்கும் மூடி, கறுப்புக் கண்ணாடியும் மாட்டிக்கிட்டேன். எனக்கே என்னை அடையாளம் தெரியலை.

ஒரு மெட்ரோ ஸ்டேசன் வாசல்ல நின்னா வதனி. மெலிஞ்சிருக்கா. செவப்புத் துப்பட்டா. ரெண்டு வெள்ளைக்காரக் கிழடுகள், ஒரு பெங்களூரு ஜோடி, நாங்க ரெண்டு பேரு. ஒவ்வொருத்தரா கை குலுக்கிட்டு வந்தா. எங்கிட்ட வந்தப்ப, பேசிட்டு இருந்தது பாதியில நின்னு போச்சு. இருமல் வந்திருக்கும்னு நினைச்சேன், அந்த ஊருப் புழுதிக்கு. அப்புறம் கையைக் குடுக்காம, கும்பிட்டு, வெல்கம் மேடம்னா. மேடமாம்! மூட்டுவலிக்குத் தைலம் தேச்சுவிட்ட கை அது. தானாடாட்டாலும் தன் சதை ஆடும்பாக. அவளுக்கு ஒன்னும் ஆடலைன்னு அப்ப நினைச்சேன்.

நடந்தோம். மேல பாத்தா வானமே தெரியலை, அம்புட்டுக் கரண்டு வயரு. வயருக்கு வயரு குரங்கு. கீழ ரிக்‌ஷா, தள்ளுவண்டி, மூட்டை தூக்குறவன், நடுவுல பழைய ஸ்வெட்டர் போட்ட ஆடு. ஆமா, ஆட்டுக்கு ஸ்வெட்டர்! நாலு காலுக்கும் ஓட்டை வெட்டிப் போட்டு விட்டிருக்காக. ரோட்டைத் தாண்டும்போதெல்லாம் அவ வந்து என் முழங்கையைப் பிடிச்சுக்கிடுவா. டீச்சருக்கு எழுபது வயசு, அவுகளைப் பிடிக்கலை. எனக்கு ஒன்னும் அவ்வளவு வயசாகிப் போகலையேன்னு எனக்கு ஒரே எரிச்சல்.

மொதல் கடையில பூரியும் உருளைக்கெழங்குக் குழம்பும். அவ இங்கிலீஷ்ல சொன்னதை டீச்சர் எனக்குத் தமிழ்ல சொன்னாக. இந்த நடையில ஒரு வழக்கம் இருக்காம். எல்லாத்தையும் ஒரே தட்டுல வாங்கி நடுவுல வச்சுக்கிடணும், எல்லாரும் அதுலதான் கை வைக்கணும். அப்பத்தான் வயிறு கடைசிக் கடை வரைக்கும் தாங்குமாம். அதோட, ஒரே தட்டுல தின்னவங்க அன்னியர் இல்லேன்னு இந்தத் தெருவுல சொல்லுவாங்களாம். வெள்ளைக்காரக் கிழவி கை வச்சுட்டா, பெங்களூருக்காரன் கை வச்சுட்டான், லோகா டீச்சர், கிவியை விட்ட மகராசி, அவுகளும் கை வச்சுட்டாக.

எனக்கு மட்டும் அவ தனியா ஒரு இலைத் தொன்னையில வாங்கிட்டு வந்து குடுத்தா.

நான் கேக்கலை. வாயே தொறக்கலை. அவளாவே போயி, அந்தக் கடைக்காரன்கிட்ட இந்தியில என்னமோ சொல்லி, வெங்காயம் இல்லாம, மிளகாய் கம்மியா, தனியா வாங்கிட்டு வந்தா. அடுத்த கடையிலயும் அதே. பால்நுரை மாதிரி ஒன்னு, வாயில வச்சா ஒன்னுமே இல்ல, காத்து. காத்தைக் காசு குடுத்துத் திங்கிறாக. அதையும் எல்லாரும் ஒரு கிண்ணத்துல இருந்து வழிச்சு வழிச்சுத் திங்கிறாக, எனக்கு மட்டும் தனித் தொன்னை, தனிக் குச்சி. ஜிலேபிக் கடையில எல்லாருக்கும் முழுசு முழுசா. எனக்கு நகக்கண்ணு அளவு பிட்டு வச்சா. டீ எல்லாருக்கும் சீனி போட்டது, எனக்குச் சீனி போடாதது. சர்க்கரைன்னு நீங்களா சொன்னீகன்னு டீச்சர்கிட்ட கேட்டா, நான் சொல்லவே இல்லையேன்னு அவுக முழிக்கிறாக.

சொல்லு தாயி, அப்பிடித் தனியா ஒரு ஏனத்துல வச்சுக் குடுத்தா தொண்டையில இறங்குமா? எல்லாரும் சிரிச்சுப் பேசித் திங்கும்போது நம்மளை மட்டும் பிரிச்சு வச்சா? நான் அன்னைக்கு அந்தத் தொன்னையைக் கையில வச்சுக்கிட்டு, ஒதுக்குப்புறமா நின்னேன். மனுஷருக்கு மனுஷர் அப்பிடிச் செய்யலாமா? எங்க குடும்பத்துல யாரும் யாருக்கும் அப்பிடிச் செஞ்சதில்ல.

ஏன் அப்பிடிப் பாக்குற? விடு.

ஒன்னு சொல்லணும். அவ தோள்பை வாருல ஒரு சின்ன கிளிப்பு மாட்டியிருந்துச்சு. தலையில மாட்டுற கிளிப்பு, முயல் பொம்மை வச்சது. பெரிய பொம்பளை முயல் கிளிப்பு மாட்டுவாளா? காலையில பிள்ளைக்குத் தலை சீவிவிட்டு, அவசரத்துல பையில சொருகிட்டு வந்திருக்கா. அதைப் பாத்ததுல இருந்து எனக்கு வேற ஒன்னும் காதுல விழலை. பொம்பளைப் பிள்ளையா இருக்கும். எத்தனை வயசோ. அவ அப்பன் ஜாடையோ, இவ ஜாடையோ. டீச்சரைக் கேக்கச் சொன்னேன். டீச்சர், நீயே கேளுன்னு சொல்லிட்டாக. கேக்கத்தான் போனேன். கடைசிக் கடை முடியட்டும், குல்லாவைக் கழட்டிட்டுக் கேப்போம், என்ன ஆனாலும் ஆகட்டும்னு முடிவே பண்ணிட்டேன். பேத்தின்னு ஒன்னு இருக்கும்போது கௌரவம் என்ன வேண்டிக்கெடக்கு?

கடைசியில வந்தது பழக்கடை. தள்ளுவண்டியில கொய்யா குமிச்சு வச்சிருக்கான். நறுக்கி, மசாலா தூவி, எலுமிச்சம்பழம் பிழிஞ்சு குடுக்கான். எனக்கு அந்த வாசனை வந்ததுமே கால் நின்னு போச்சு. கயாவுல விட்டு நாலஞ்சு நாள்தான் ஆகியிருக்கும். நாக்கை மடிச்சுக் கடிச்சுக்கிட்டு நின்னேன்.

வதனி நறுக்கினதை எல்லாருக்கும் குடுத்துட்டு, முழுப்பழம் ஒன்னை எடுத்தா. இங்கிலீஷ்ல பேச ஆரம்பிச்சா. டீச்சர் மொதல்ல எனக்குச் சொல்லிக்கிட்டே வந்தாக. எங்க ஊரு தெக்கே, ரொம்பத் தூரம்னா. எங்க வீட்டுக்குப் பின்னாடி ஒரு கொய்யாமரம்னா. எங்கம்மா ஜாக்கெட்டு தைப்பாங்க, எச்சில்னா ஆகாது, ஆனா பழத்தை எனக்குக் குடுக்காமத் தின்னதே இல்லேன்னா. அதுக்கப்புறம் டீச்சர் சொல்றதை நிறுத்திட்டாக. எனக்குச் சொல்லவும் வேண்டியதில்ல. கண்ணாலயே பாத்தேனே. அவ அந்தப் பழத்தைச் செவப்புத் துப்பட்டாவுல சுத்துனா. துணிக்கு மேல கடிச்சா. ரெண்டாப் பிட்டா. வெள்ளைக்காரக் கெழவி கை தட்டுதா.

நேரா எங்கிட்ட வந்தா. பாதியை நீட்டுனா. அன்னைக்குப் பூரா இங்கிலீஷும் இந்தியும் பேசுனவ, தமிழ்ல, "இந்தாம்மா"ன்னா.

அம்மான்னா தாயி. நாலு வருஷம் கழிச்சு.

அப்ப அவளுக்கு மொதல்ல இருந்தே தெரிஞ்சிருக்கு. அந்தக் குரங்குக் குல்லாவுக்குள்ள நான்தான்னு கும்பிட்டப்பவே தெரிஞ்சிருக்கு.

நான் என்ன செஞ்சேன் தெரியுமா? ஒரு எட்டு பின்னாடி வச்சுட்டேன். கையைப் பின்னாடி கட்டிக்கிட்டேன். வேண்டாம்னு தலையை ஆட்டுனேன். கொய்யா! நான் விட்ட பழம்! அவ எங்கிட்ட வந்து சேரணும்னு விட்ட பழம். அதைத் தின்னா வேண்டுதல் கெட்டுப் போகும், பிள்ளை போயிடும்னுதான் பதறுனேன். பிள்ளை வந்து நிக்கிறதே வேண்டுதல் பலிச்சுத்தான்னு அந்த நேரத்துல தோணலை. என் புத்தியைச் செருப்பால அடிக்கணும்.

அவ நீட்டுன கையை உடனே எடுக்கலை. ரொம்ப நேரம் நீட்டிக்கிட்டே நின்னா. நான் சொல்லியிருக்கணும், கயாவுல விட்டுட்டேன்டின்னு ஒரு வார்த்தை. வாய் வரலை. அவ என் காலைப் பாத்தா. பின்னாடி வச்சேன்ல, அந்தக் காலை. அப்புறம் என் கையைத் தேடிப் பாத்தா, அது முதுகுப்பக்கம் இருக்கு. சிரிச்சா. சிரிப்பா அது? குனிஞ்சு அந்தப் பாதிப் பழத்தை ஸ்வெட்டர் போட்ட ஆட்டுக்குப் போட்டுட்டா. தன் பாதியையும் போட்டுட்டா.

எல்லாரையும் பாத்து இங்கிலீஷ்ல என்னமோ சொன்னா. என்ன சொன்னாள்னு டீச்சரைக் கேட்டேன். "சில பேருக்குச் சில கட்டுப்பாடு உண்டு, அதை நாம மதிக்கணும்"னு சொன்னாளாம்.

மெட்ரோ படிக்கட்டு வரைக்கும் கூட வந்தா. டீச்சர்கிட்ட, அவுகளைப் பாத்துக் கூட்டிட்டுப் போங்க, படி வழுக்கும்னா. அவுகளாம். நான் பக்கத்துலதான் நிக்கேன். குல்லாவைக் கழட்டுறேன், கழட்டுறேன், மேல கட்டியிருந்த சால்வை முடிச்சு வரமாட்டேங்குது. முடிச்சு வந்து நான் நிமுந்து பாக்கறதுக்குள்ள செவப்புத் துப்பட்டா கூட்டத்துக்குள்ள போயிடுச்சு. வதனின்னு கத்துனேன். டெல்லிக்காரன் நாலு பேரு திரும்பிப் பாத்தான். அவ திரும்பலை. கேட்டிருக்காது.

ஒரு கொய்யாப்பழம் தாயி. ஒரு கொய்யாப்பழத்துக்காகப் பெத்தவளை விட்டுட்டுப் போவாளா ஒருத்தி? யோசிச்சு யோசிச்சுப் பாக்கேன், நான் வேற என்ன குத்தம் செஞ்சேன்? ஒன்னும் அகப்படலை.

டீச்சர் சொல்றாக, நம்பர் இருக்கு, பேசுன்னு. கயாவுல விட்டதைச் சொல்லிடுன்னு. சொல்லலாம். கொய்யாவை உனக்காகத்தான்டி விட்டேன்னு சொல்லலாம். அவ சும்மா இருப்பாளா? அப்ப நாற்காலியை யாருக்காகம்மா கழுவுனேன்னு கேப்பா. வெள்ளிக்கிழமைன்னு சொன்னா நம்ப மாட்டா. அவதான் அன்னைக்கு அங்க நின்னவளாச்சே.

அதான் பேசலை.

என்ன தாயி, அந்தக் கடைசிப் பழத்தை அப்பிடியே வச்சிருக்க? என் கதையைக் கேட்டு இறங்கலையா? குடு. பாப்போம். தின்ன இல்ல, சும்மா குடு.

நல்ல கனம். உள்ள வெள்ளையாத்தான் இருக்கும், எங்க மரம் மாதிரி வராது. இரு. இந்த முந்தானையை இப்பிடிச் சுத்தி... இப்பிடி... பல்லு படலை, பாத்தியா? துணியிலதான் பட்டுச்சு. நான் கொய்யாவைத் தொட்டேனா? தொடலை. தின்னேனா? எச்சிலே படலேன்னா தின்ன கணக்கு எப்பிடி வரும்?

ஐயோ.

அன்னைக்கும் துணியில கடிச்சுத்தான தாயி குடுத்தா. நானும் முந்தானையை நீட்டி வாங்கி, துணிக்கு மேல ஒரு கடி கடிச்சிருந்தா முடிஞ்சு போச்சே. வேண்டுதலும் கெட்டிருக்காது. கயா சாமியும் கோவிச்சிருக்காது. பிள்ளை கையும் அப்பிடி அந்தரத்துல நின்னிருக்காது. சின்னப்பிள்ளையில நானே சொல்லிக்குடுத்த காக்காக்கடி, எனக்கு மறந்து போச்சே. அவளுக்கு மறக்கலையே.

இல்ல, அழலை. பொடி காரம், கண்ணுல பட்டுடுச்சு.

இந்தா, பிட்டுட்டேன். இது உன் பாதி. வாங்கிக்கோ. காக்காக்கடியை ஒருத்தியாக் கடிக்க முடியாது, பாதியை யாருக்காவது குடுத்தாத்தான் கணக்கு. வாங்கு.

ஏன் தாயி தலையை ஆட்டுற? துணியிலதான் கடிச்சேன், நீ பாத்துட்டுத்தான இருந்த. எந்தத் தெருன்னு கேட்டேன்ல, அதையா மனசுல வச்சிருக்க? அது சும்மா கேட்டது. வாய்ப்பழக்கம். ஏன் தள்ளி உக்காருற?

கை வலிக்குது தாயி. வாங்கிக்கோ.